பூக்காது, காய்க்காது... ஆனாலும் மரம்! கொடைக்கானல் ஓடையோரம் குடைபிடிக்கும் பெரணி

வட்டக்கானலுக்குப் போகிறவர்கள் எல்லோரும் ஒரே திசையில்தான் நடக்கிறார்கள். டால்ஃபின் நோஸ் பாறை, அங்கே ஒரு செல்ஃபி, வழியில் சுடச்சுட மேகி, திரும்பி ஏறும்போது மூச்சு வாங்கியபடி ஒரு டீ. பாதை முழுக்க மரவேர்கள் படிக்கட்டுபோல ஓடுவதால், கண்கள் தரையை விட்டு விலகுவதே இல்லை. அதனால், இந்த மலையின் ஓடைப் பள்ளங்களில் நிற்கும் ஒன்றைப் பெரும்பாலானவர்கள் கவனிப்பதில்லை. கவனிக்கிற சிலரும், ``ஏதோ ஈச்ச மரம்'' என்று சொல்லிவிட்டுக் கடந்துவிடுகிறார்கள்.

அது ஈச்ச மரம் இல்லை. பனைக்கும் தென்னைக்கும்கூட சொந்தம் இல்லை. கிணற்றுச் சுவரின் இடுக்கில் தானாக முளைக்குமே, கல்யாண ரிசப்ஷன் மேடையில் ரோஜாவுக்குப் பின்னால் பச்சையாகச் செருகி வைப்பார்களே, அந்தப் பெரணியின் அண்ணன் அது. சாதாரணப் பெரணி முழங்கால் உயரத்தோடு நின்றுவிடும். இது மட்டும் தண்டு வைத்து, ஆள் உயரத்தையும் தாண்டி வளர்ந்து, உச்சியில் குடையை விரித்ததுபோல இலைகளைப் பரப்பி நிற்கிறது. அதனால் இதற்கு மரப்பெரணி என்று பெயர்.

தமிழ்நாட்டு மலைகளில் மரப்பெரணிகள் சில வகை உண்டு. ஓடையோரங்களில் கறுத்த காம்போடு நிற்கும் ஒரு வகை இமயமலையிலிருந்து இலங்கை வரை பரவியிருக்கிறது. நீலகிரியின் பெயரையே சுமக்கும் இன்னொரு வகை இருக்கிறது. ஆனால், கொடைக்கானல் போன்ற உயரமான மலைகளில் மட்டும் கிடைக்கும் ஒன்றுதான் இந்தக் கட்டுரையின் நாயகன். தாவரவியல் பெயர் அல்சோஃபிலா கிரினிடா. சில புத்தகங்களில் சயாத்தியா கிரினிடா என்று இருக்கும்; ஆள் ஒன்றுதான். உலகத்திலேயே தென்னிந்திய மலைகளிலும் இலங்கையின் மத்திய மலைநாட்டிலும் மட்டும்தான் இது இயற்கையாக வளர்கிறது.

`கிரினிடா' என்றால் லத்தீனில் நீண்ட முடி கொண்டது என்று பொருள். பெயர் வைத்தவரைக் குறை சொல்ல முடியாது. இலைக்காம்பு முழுக்க வெளிர் பழுப்பு நிறத்தில் மெல்லிய செதில்கள், தலைமுடிபோலத் தொங்கும். உச்சியில் புது இலை வரும்போது, அது முதலில் இலையாகவே தெரியாது. ஒரு குரங்குக் குட்டி தன் வாலைச் சுருட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதுபோல, கம்பளி போர்த்திய ஒரு சுருள் மட்டும் தெரியும். அந்தச் சுருள் கொஞ்சம் கொஞ்சமாகப் பிரிந்து, ஆளையே மறைக்கும் நீளத்துக்கு இலையாக விரியும். மூடுபனி இறங்கும் நாளில் அந்த முடி ஒவ்வொன்றின் நுனியிலும் நீர்த்துளி கோத்து நிற்கும். கொடைக்கானலில் போட்டோ எடுக்க எவ்வளவோ இருக்கிறது என்பார்கள். இதைப் பார்த்தவர்கள் தூண் பாறையைக் கொஞ்சம் மறந்துவிடுவார்கள்.

எந்த ஓடை, எந்த வளைவு என்ற விவரம் இந்தக் கட்டுரையில் வேண்டுமென்றே விடப்பட்டிருக்கிறது. காரணம் பின்னால் வரும்.

மரம் மாதிரி, ஆனால் மரம் இல்லை

``இது டைனோசர் காலத்து மரம்ணே'' என்பது மலையில் அடிக்கடி கேட்கும் விளக்கம். பாதி உண்மை. பெரணிகள் பூமிக்கு வந்து சுமார் 36 கோடி ஆண்டுகள் ஆகின்றன. மரப்பெரணிகளின் இந்தக் குடும்பம், டைனோசர்கள் கோலோச்சிய ஜுராசிக் காலத்திலேயே இருந்தது. பூக்கும் செடிகளே அப்போது உலகத்தை நிறைத்திருக்கவில்லை. ஆக, குடும்பம் பழசு. ஆனால், ஓடையோரம் நிற்கும் இந்த மரத்தையோ இந்த வகையையோ டைனோசர் பார்த்தது என்று சொன்னால், அது சுற்றுலாப் பயணிகளுக்காகச் சேர்த்த மசாலா. நமக்கு முப்பாட்டன்கள் இருந்தார்கள் என்பதற்காக நமக்கே 300 வயது ஆகிவிடாதல்லவா?

சரி, இந்த மரத்துக்கு என்ன வயது? அதைக் கண்டுபிடிப்பதுதான் சிக்கல். தேக்கை வெட்டினால் வளையங்களை எண்ணி வயது சொல்லலாம். மரப்பெரணிக்குள் வளையம் கிடையாது. ஏனென்றால், உள்ளே இருப்பது மரக்கட்டையே அல்ல. தண்டின் நடுவில் மென்மையான சதை, அதைச் சுற்றித் தண்ணீர் கொண்டுபோகும் கடினமான பட்டைகள், அதற்கு வெளியே பின்னிப்பிணைந்த கறுப்பு வேர்கள். ஆமாம், வேர்தான். தண்டிலிருந்து கீழ்நோக்கிக் கிளம்பும் ஆயிரக்கணக்கான மெல்லிய வேர்கள் தண்டையே கவசம்போலச் சுற்றிக்கொள்கின்றன. அடிப்பகுதியில் நாம் பார்க்கும் பருமன் பெரும்பாலும் அந்த வேர்க்கவசத்தின் பருமன்தான். தென்னை நார்க் கயிற்றை ஒரு கம்பத்தில் இறுக்கிச் சுற்றி, பத்து வருஷம் மழையில் நிறுத்திவைத்தால் எப்படி இருக்கும்? ஏறக்குறைய அப்படி.

அந்த வேர்க்கவசம் ஒரு ஸ்பாஞ்ச். மழையையும் பனியையும் உறிஞ்சி வைத்துக்கொள்ளும். அதனால் அதன்மேல் பாசி படரும். பாசிமேல், கண்ணாடித்தாள்போல ஒளி ஊடுருவும் இலை கொண்ட குட்டிப் பெரணிகள் முளைக்கும். ஆர்க்கிட் விதை வந்து விழுந்து ஒட்டிக்கொள்ளும். ஒரே தண்டில் ஒரு சின்னத் தோட்டமே குடியிருக்கும்.

இந்த மரத்துக்கு ஒரே ஒரு பலவீனம். உச்சியில் இருக்கும் அந்த ஒற்றைக் குருத்துதான் அதன் உயிர். வேப்பமரத்தை வெட்டினால் பக்கத்தில் துளிர்க்கும். இதற்கு அந்த வசதி இல்லை. சுருள் அழகாக இருக்கிறது என்று யாராவது குருத்தை ஒடித்துவிட்டால், தென்னைக்குக் குருத்து போனது மாதிரிதான். அத்தோடு முடிந்தது.

வீசுவதற்கு வெயில், சேர்வதற்கு ஈரம்

இலையைத் திருப்பிப் பார்த்தால் பின்பக்கம் வரிசை வரிசையாகப் புள்ளிகள் இருக்கும். முதல்முறை பார்க்கிறவர்களுக்கு, ஏதோ பூச்சி முட்டையிட்டதுபோலவோ நோய் வந்ததுபோலவோ தோன்றும். பெரணிக்குப் பூவும் காயும் விதையும் இல்லை என்பதால், அந்தப் புள்ளிகளில்தான் அதன் வம்சமே இருக்கிறது. ஒவ்வொரு புள்ளியும் கண்ணுக்குத் தெரியாத பைகளின் கூட்டம். ஒவ்வொரு பைக்குள்ளும் ஸ்போர் என்கிற வித்துத்தூள்.

வெயில் அடித்துக் காற்று காயும்போது, பையைச் சுற்றியிருக்கும் வளையம் பின்னால் வளைந்து, வில்லில் நாண் விடுபட்டதுபோலச் சட்டென்று முன்னால் வந்து அடிக்கும். தூள் காற்றில் பறக்கும். ஒரு மரம் லட்சக்கணக்கில், கோடிக்கணக்கில் இப்படித் தூவும். காற்று அடித்தால் மலை தாண்டியும் போகும். அவ்வளவு லேசு.

இதுவரைக்கும் கதை சுலபம். சிக்கல் தரையில் விழுந்த பிறகுதான். ஸ்போர் முளைத்தால் மரப்பெரணிக் கன்று வராது. சுண்டுவிரல் நகம் அளவுக்கு, இதய வடிவத்தில், ஒரு பச்சைத் தகடு வரும். மண்ணோடு ஒட்டிக் கிடக்கும். அதுதான் இந்தச் செடியின் இன்னொரு பிறவி. அந்தத் தகட்டின் அடியில் ஆண் அணுக்களும் பெண் அணுக்களும் உருவாகின்றன. ஆண் அணு பெண் அணுவை அடைய வேண்டும். பூச்செடியாக இருந்தால் தேனீ தூக்கிக்கொண்டு போகும், காற்று கொண்டுபோய்ச் சேர்க்கும். இங்கே அந்த உதவி எதுவும் கிடையாது. ஆண் அணு நீந்தித்தான் போக வேண்டும்.

நீந்த வேண்டுமென்றால் தண்ணீர் வேண்டும். ஆறோ குளமோ தேவையில்லை. தகட்டின் அடியில் ஒரு மெல்லிய ஈரப்படலம் போதும். ஆனால், அது இருந்தே ஆக வேண்டும். அந்தத் தகடு காய்ந்துபோனால், கோடி ஸ்போர் விழுந்தும் ஒரு கன்றுகூட வராது. ஆள் உயரத்தைத் தாண்டி நிற்கிற ஒரு மரத்தின் அடுத்த தலைமுறை, நகம் அளவு தகட்டுக்கு அடியில் இருக்கும் ஒரு சொட்டு ஈரத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறது.

மரப்பெரணி ஏன் ஓடைப் பள்ளத்தை விட்டு நகர்வதில்லை என்பதற்கு இதுதான் பதில். பள்ளத்தில் நிழல் உண்டு. வழியும் மண்சரிவில் பாசி உண்டு. கொடைக்கானலில் ஜனவரியிலிருந்து மார்ச் வரை வானம் வறண்டு கிடக்கும்போதும் அந்த இடத்தில் ஈரம் இருக்கும். இருக்கும் என்பதைவிட, இருக்க வேண்டும் என்பதே சரி.

அந்த ஈரம் எங்கிருந்து வருகிறது?

கொடைக்கானல் மலையின் பழைய அமைப்பைப் புரிந்துகொள்ள, ஒரு கசங்கிய பச்சைப் போர்வையைக் கற்பனை செய்துகொள்ளலாம். மேடான இடமெல்லாம் புல்வெளி. மடிப்புகளுக்குள் மட்டும் அடர்ந்த, குட்டையான, எப்போதும் பச்சையான காடு. அந்தக் காட்டுக்குத்தான் சோலை என்று பெயர். இந்தத் தமிழ்ச் சொல்லையே உலகம் முழுக்க விஞ்ஞானிகள் `ஷோலா' என்று எடுத்துக்கொண்டுவிட்டார்கள். நம் ஊர்ப் பெயர்ப் பலகைகளிலும் இப்போது அது `ஷோலா'வாகத் திரும்பி வந்திருப்பதுதான் வேடிக்கை.

மழை பெய்தால் மேட்டுப் புல்வெளி அதை வாங்கி, மெதுவாக மண்ணுக்குள் இறக்கும். மடிப்பில் இருக்கும் சோலை அதை ஓடையாக, சொட்டுச் சொட்டாக வெளியே விடும். மழை நின்று மாதக்கணக்கில் ஆன பிறகும் ஓடை ஓடுவது இதனால்தான். புல்வெளியும் சோலையும் தனித்தனி இல்லை, ஒரே இயந்திரத்தின் இரண்டு பாகங்கள். மரப்பெரணி அந்த இயந்திரத்தின் வாயில் நிற்கிறது.

இந்த இயந்திரத்தின் ஒரு பாகம் பெரிய அளவில் கழன்றுபோய்விட்டது. `வெறும் புல்தானே கிடக்கிறது, மரம் வைத்தால் என்ன' என்ற எண்ணம் ஆங்கிலேயர் காலத்தில் தொடங்கியது. சுதந்திரத்துக்குப் பிறகும் தொடர்ந்தது. தோல் பதனிடப் பட்டை தரும் வாட்டில் என்கிற சீகை மரம், தைல மரம், பைன் ஆகியவை புல்வெளியில் வரிசையாக நடப்பட்டன. 1973-க்கும் 2014-க்கும் இடையே எடுக்கப்பட்ட செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்ட ஆய்வு ஒன்று 2018-ல் வெளியானது. பழநி மலைத்தொடரின் புல்வெளிகளில் மூன்றில் இரண்டு பங்கு இந்த 40 ஆண்டுகளில் காணாமல்போயிருந்ததை அது காட்டியது. தோட்ட மரங்களும் விவசாயமும்தான் அந்த இடத்தைப் பிடித்திருந்தன.

சுற்றுலாப் பயணிகளின் கண்ணுக்கு இதில் நஷ்டமே தெரியாது. பைன் காட்டில் சினிமா ஷூட்டிங் நடக்கிறது, குதிரை ஓடுகிறது, எல்லாம் பச்சையாகத்தானே இருக்கிறது என்று தோன்றும். பச்சையாக இருப்பதெல்லாம் காடு என்று நாம் நம்பப் பழகிவிட்டோம். ஓடையோரம் கிடக்கும் நகம் அளவுத் தகட்டுக்கு அந்த வித்தியாசம் தெரியும்.

இதற்கு ஒரு மறுபக்கமும் உண்டு. இங்கிலாந்திலிருந்து வந்து கொடைக்கானலிலேயே தங்கிவிட்ட பாப் ஸ்டூவர்ட், தான்யா பால்கர் இருவரும் `வட்டக்கானல் கன்சர்வேஷன் டிரஸ்ட்' மூலம் சோலைச் செடிகளுக்கென நாற்றங்கால் அமைத்து, பல வருடங்கள் கன்றுகளை வளர்த்தார்கள். வெளிநாட்டு மரத்தோட்டங்களின் நிழலில், சோலைக்குரிய செடிகள் தாமாகவே திரும்ப முளைப்பதை அவர்கள் கவனித்துச் சொன்னார்கள். அதனால், வாட்டில் மரங்களை எல்லாம் ஒரேயடியாக வெட்டித் தள்ளுவதா, சோலை எழும் இடத்தில் விட்டுவைத்து, புல்வெளி இருந்த இடத்தில் மட்டும் அகற்றுவதா என்ற விவாதம் இன்றும் நடக்கிறது. `வெட்டு' என்பதும் `நடு' என்பதும் மேடை முழக்கத்துக்குச் சரி. மலையில் ஒவ்வொரு மடிப்புக்கும் ஒவ்வொரு பதில் தேவைப்படுகிறது.

கடலுக்கு அந்தப் பக்கம் அதே முடி

இலங்கையில் நுவரெலியாவுக்குப் போகிறவர்கள் அதிகாலையில் எழுந்து, ஹோர்ட்டன் சமவெளிக்கு வேன் பிடிப்பார்கள். `உலக முடிவு' என்கிற செங்குத்துப் பள்ளத்தை மூடுபனி மறைப்பதற்குள் பார்த்துவிட வேண்டும் என்ற அவசரம். 2,000 மீட்டருக்கு மேல் இருக்கும் அந்தச் சமவெளியிலும் அதே காட்சிதான்: மேட்டில் புல், மடிப்பில் குட்டைக் காடு, ஓடையோரத்தில் மரப்பெரணி. கொடைக்கானல்காரர் ஒருவரைக் கண்ணைக் கட்டிக் கொண்டுபோய் அங்கே விட்டால், பாம்பார் பக்கம்தான் நிற்கிறோம் என்று நினைத்துக்கொள்வார்.

நடுவில் கடல் இருக்க, இரண்டு பக்கமும் ஒரே பெரணி எப்படி? கடல்மட்டம் தாழ்ந்திருந்த காலங்களில் இந்தியாவும் இலங்கையும் தரையால் இணைந்திருந்தன. அதோடு, தூள் அளவே இருக்கும் ஸ்போருக்குக் காற்று ஒரு வாகனம். தரைவழியோ வான்வழியோ, பாஸ்போர்ட் இல்லாத பயணம்.

இந்தப் பெரணிக்குப் பெயர் சூட்டியவர் வில்லியம் ஜாக்சன் ஹூக்கர் என்ற ஆங்கிலேயத் தாவரவியலாளர். அவருடைய மகன் ஜோசப் டால்டன் ஹூக்கரும் பெரிய தாவரவியலாளர். இலங்கை மலைகளில் காப்பித் தோட்டங்களுக்காகக் காடுகள் மளமளவென்று சரிந்துகொண்டிருந்த காலத்தில், 5,000 அடிக்கு மேல் இருக்கும் காடுகளைத் தொடாமல் விட்டுவிட வேண்டும் என்று 1873-ல் அரசுக்கு ஆலோசனை சொன்னவர் இந்த மகன் ஹூக்கர்தான். அரசும் அதை ஏற்று உத்தரவு போட்டது. அப்பா பெயர் வைத்தார், மகன் வீட்டைக் காப்பாற்றிக் கொடுத்தார் என்று சொல்லலாம்.

அந்த உத்தரவின் அருமை கீழே இறங்கினால் தெரியும். மகாவலி, களனி, வளவை என்று இலங்கையின் முக்கியமான ஆறுகளுக்கு ஹோர்ட்டன் சமவெளிதான் தண்ணீர் தொட்டி. தமிழ்நாட்டிலிருந்து கூட்டிச்செல்லப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் கொழுந்து பறிக்கும் மலைச்சரிவுகளுக்கு மேலே, அந்தத் தொட்டி இருக்கிறது.

இலங்கையில் மட்டுமே இருக்கும் இன்னொரு மரப்பெரணியைப் பற்றியும் ஒரு வரி சொல்லிவிடலாம். எல்லா மரப்பெரணிக்கும் இலை சீப்புபோலப் பிளந்து பிளந்து இருக்கும். அங்கே மழைக்காட்டில் வாழும் ஒரு குட்டி வகைக்கு மட்டும் பிளவே இல்லாத, நாடாபோன்ற ஒற்றை இலை. பார்த்தால் பெரணி என்றே நம்ப மாட்டோம்.

பெரணிப் பைத்தியமும் ஆர்க்கிட் தொட்டியும்

மரப்பெரணி இருக்கும் இடத்தைச் சொல்லாமல் விட்டதற்குக் காரணம் பழையது. 19-ம் நூற்றாண்டு இங்கிலாந்தில் பெரணிமேல் ஒரு பைத்தியமே பிடித்திருந்தது. வீட்டு வரவேற்பறையில் கண்ணாடிப் பெட்டிக்குள் பெரணி வளர்ப்பது அந்தஸ்து. அந்தக் காலத்தில், மெட்ராஸ் மாகாண வனத்துறையில் இருந்த ரிச்சர்ட் ஹென்றி பெடோம், தென்னிந்தியப் பெரணிகளைப் படங்களோடு தொகுக்கத் தொடங்கினார். அவருடைய புத்தகம் 1863-ல் வெளிவர ஆரம்பித்தது. கொடைக்கானல் ஏரி உருவான அதே வருடம். நம் மலைகளில் என்ன பெரணி இருக்கிறது என்று தெரிந்துகொள்ள இன்றும் ஆய்வாளர்கள் அவருடைய படங்களைப் புரட்டுகிறார்கள்.

அந்தப் பைத்தியம் அடங்கியது. ஆர்க்கிட் வளர்ப்பு வந்தது. மரப்பெரணியின் வேர்க்கவசம் ஈரம் தாங்கும், அழுகாது என்பதால், அதை வெட்டித் தொட்டியாகவும் பலகையாகவும் செதுக்கி, ஆர்க்கிட் வளர்க்கப் பயன்படுத்தினார்கள். பிரேசிலில் ஒரு வகை மரப்பெரணி இப்படியே வெட்டி வெட்டி அருகிப்போனது. கடைசியில் சட்டம் போட்டுத் தடுக்க வேண்டியதாயிற்று. ஒரு தொட்டிக்கு ஒரு மரம். அந்தத் தண்டு அவ்வளவு உயரம் வர எத்தனை ஆண்டுகள் ஆகியிருக்கும் என்று வாங்குகிறவருக்குத் தெரியாது. இப்போது இந்தக் குடும்பத்து மரப்பெரணிகள் எல்லாம் சைட்டிஸ் என்ற சர்வதேச ஒப்பந்தத்தின் இரண்டாவது பட்டியலில் இருக்கின்றன. உரிய அனுமதி இல்லாமல் ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்குக் கொண்டுபோக முடியாது.

உள்ளூர் ஆபத்து இதைவிடச் சின்னது, ஆனால் தினசரி நடப்பது. வேர்க்கவசத்தில் சாவியால் பெயர் கீறுவது, குருத்துச் சுருளை ஒடித்துக் காதில் செருகிப் போட்டோ எடுப்பது, ஓடைக் கரையில் இறங்கி மிதிப்பது. இதில் மூன்றாவதுதான் மோசம். மிதிபடுவது பாசி என்று நினைப்போம். அதற்குள் நகம் அளவில் ஒரு தலைமுறை கிடக்கும்.

மலைச்செடிக்குப் பாளையங்கோட்டையில் தொட்டில்

கத்திரி வெயிலுக்குப் பேர்போன பாளையங்கோட்டைக்கும் மூடுபனிப் பெரணிக்கும் என்ன சம்பந்தம்? இருக்கிறது. தூய சவேரியார் கல்லூரியில் பாதிரியார் வி.எஸ்.மாணிக்கம் தலைமையில் ஓர் ஆய்வுக்குழு, தென்னிந்தியப் பெரணிகளைப் பல வருடங்கள் தேடித் தேடிப் பதிவு செய்தது. பழநி மலைப் பெரணிகளுக்கென்றே அவர் 1986-ல் ஒரு நூல் கொண்டுவந்தார். தேடும்போதே ஒரு கவலையும் வந்தது. சில வகைகள் ஒன்றிரண்டு இடங்களில் மட்டும்தான் மிஞ்சியிருந்தன. முடிக்காரப் பெரணியும் அந்த அரிய வகைகளில் ஒன்று.

அதனால் ஆய்வகத்தில் ஸ்போர்களை விதைத்தார்கள். கண்ணாடிக் குடுவைக்குள் கிருமி நீக்கிய சத்துக்கூழ், அதன்மேல் ஒரு சிட்டிகைத் தூள். வெளியே நெல்லை வெயில் கொளுத்த, உள்ளே ஏ.சி. அறையில் இதய வடிவத் தகடுகள் பச்சையாக முளைத்தன. மலையில் ஒரு சொட்டு ஈரம் செய்யும் வேலையை இங்கே மனிதர்கள் செய்தார்கள். தகட்டிலிருந்து கன்று வந்தது, கன்று மண்ணுக்கு மாறியது. காட்டில் நின்ற மரத்தில் கைவைக்காமலே அதன் பிள்ளைகளை வளர்த்தெடுக்க முடியும் என்று நிரூபணமானது.

கன்று வளர்க்க முடியும் என்பது நல்ல செய்திதான். ஆனால், குடுவையில் வளர்ந்த கன்றை எங்கே நடுவது? ஓடை ஓடுகிற, நிழல் இருக்கிற, வறண்ட மாதத்திலும் மண் காயாத ஒரு பள்ளம் வேண்டும். அதை எந்த ஆய்வகத்திலும் தயாரிக்க முடியாது.

பார்க்க ஆசையா?

காட்டுக்குள் இறங்க வேண்டியதே இல்லை. குன்னூர் சிம்ஸ் பூங்கா 1874-ல் மலையின் சரிவையும் இயற்கையான பள்ளத்தையும் அப்படியே வைத்துக்கொண்டு உருவாக்கப்பட்டது. அங்கே மரப்பெரணிகளைப் பாதையிலிருந்தே நிதானமாகப் பார்க்கலாம். ஊட்டி தாவரவியல் பூங்காவில் பெரணிகளுக்கென்றே தனி இல்லம் உண்டு. நுவரெலியா பக்கம் போனால் ஹக்கல தாவரவியல் பூங்கா. இந்த இடங்களில் நிற்பவை வெவ்வேறு வகைகளாக இருக்கலாம். ஆனால் தண்டு, சுருள், இலைக்குப் பின்னால் புள்ளி என எல்லாவற்றையும் குழந்தைகளுக்குக் காட்டலாம். இலையைப் பறிக்காமல் திருப்பிக் காட்டினால் போதும்.

கொடைக்கானலுக்கும் ஊட்டிக்கும் 2024 மே 7 முதல் இ-பாஸ் முறை இருப்பதால், கிளம்புவதற்கு முன்பே அதை எடுத்துவிடுவது நல்லது. மழை ஓய்ந்த டிசம்பர் கடைசியில் சோலை கழுவித் துடைத்ததுபோல இருக்கும். அட்டைக்கு உப்பு, வழுக்காத செருப்பு இரண்டும் அவசியம். காட்டுமாடு எதிரே வந்தால் செல்போனை எடுக்காமல் ஒதுங்கி நிற்க வேண்டும். `மஞ்சும்மல் பாய்ஸ்' வந்த பிறகு குணா குகைப் பக்கம் கூட்டம் நெரிகிறது. அதற்கு நேர்மாறாக, கொஞ்ச நேரம் பேசாமல் நின்றால், ஓடைப் பக்கமிருந்து சீகாரப் பூங்குருவி யாரோ சிறுவன் சும்மா விசிலடிப்பதுபோலப் பாடுவது கேட்கும்.

வட்டக்கானலுக்குப் பக்கத்தில் பாம்பார் ஓடை பாறைகளில் விழும் இடத்துக்கு உள்ளூரில் `லிரில் ஃபால்ஸ்' என்று பெயர். பழைய சோப்பு விளம்பரம் கொடுத்த பெயர் அது. அதே பாம்பார்தான் மலையைக் குடைந்துகொண்டு கீழே இறங்கி, தேனி மாவட்டம் பெரியகுளத்துக்குப் பக்கத்தில் கும்பக்கரை அருவியாகக் கொட்டுகிறது. ஞாயிற்றுக்கிழமைகளில் வேனில் வந்து, எண்ணெய் தேய்த்துக் குளித்து, பாறைமேல் உட்கார்ந்து புளிசாதம் சாப்பிடும் குடும்பங்களுக்கு மரப்பெரணியைத் தெரியாது. ஆனால், அங்கே பணியில் இருக்கும் வனத்துறை ஊழியர்களுக்கு மேலே நடப்பது உடனே தெரிந்துவிடும். வட்டக்கானல், பாம்பார் சோலைப் பக்கம் மழை பிடித்தால் அருவியில் தண்ணீரின் நிறம் மாறும், இரைச்சல் கூடும். விசில் ஊதி எல்லோரையும் கரையேற்றிவிட்டு, ``குளிக்கத் தடை'' என்று சங்கிலி போட்டுவிடுவார்கள். மழை இல்லாத மாதங்களில் வரும் தண்ணீருக்கு விசில் கிடையாது. அது மேலே மடிப்புகளுக்குள்ளிருந்து, பெரணிகளின் காலடியைத் தாண்டி, சத்தமில்லாமல் இறங்கி வருகிறது.